நீதி யாரைத் தேடி வந்தது?

மக்கள் நீதியைத் தேடிச் செல்வதா, நீதி மக்களைத் தேடி வருவதா என்று கேட்டால், விடை எளிதென்றே தோன்றும். நாட்கூலிக்காரன் ஒருவன் வழக்குக்காகத் தலைநகர் செல்வானாயின், வழிச்செலவும் சாட்சிகளின் சாப்பாட்டுச் செலவும் இழந்த கூலியுமே அவனைத் தோற்கடித்துவிடும். ஆகவே, ஊர்தோறும் செல்லும் சுற்று நீதிமன்றம் ஏழைக்கென்றே பிறந்ததென நாம் நம்ப விரும்புகிறோம். வரலாறோ அவ்வாறு கூறவில்லை.

இங்கிலாந்து மன்னன் இரண்டாம் ஹென்றி 1166இல் கிளாரெண்டன் சட்டத்தைப் பிறப்பித்து, தன் நீதிபதிகளை மாவட்டந்தோறும் அனுப்பினான். அவர்கள் நீதியை மட்டும் சுமந்து செல்லவில்லை. அரசனின் பணப்பெட்டியையும் சுமந்து சென்றனர். காலப்போக்கில், சிறு தவறுக்கும் ஊர் முழுவதும் தண்டம் இறுக்க வேண்டியதாயிற்று. 1233இல் நீதிபதிகள் வருகின்றனர் எனக் கேட்டுக் கோர்ன்வால் மக்கள் காடுகளுக்குள் ஓடி ஒளித்தனர். நீதிக்கு அஞ்சிக் காடேகும் குடிகள்!

ஆயினும், 1215ஆம் ஆண்டின் மகா சாசனத்தில், நிலவழக்குகளை விசாரிக்க ஆண்டுக்கு நான்கு முறை நீதிபதிகள் வரவேண்டுமென்று கேட்கப்பட்டிருப்பதையும் நாம் காண்கிறோம். வந்தவர் கணக்குக் கேட்க வந்தாரா, முறைப்பாடு கேட்க வந்தாரா என்பதே வேறுபாடு. அந்த முறைப்பாடும் சுதந்திரக் குடியானவனுக்கே உரியது. நிலத்தோடு பிணைக்கப்பட்ட பண்ணையாள் தன் பிரபுவுக்கெதிராக அரச மன்றத்தின் கதவைத் தட்ட முடியாது.

வெளியூர் நீதிபதியால் நன்மையே இல்லையென்பது நம் கருத்தன்று. பணக்காரனும் விதானையும் உறவினராக இருக்கும் ஊரில், யாருக்கும் மைத்துனன் அல்லாத ஒருவரே ஏழைக்குத் துணை. சொந்த மாவட்டத்தில் நீதிபதி அமரலாகாதென்று ஆங்கிலேயர் 1384இலேயே சட்டமியற்றினர்.

அவர்கள் இந்த ஏற்பாட்டை இலங்கைக்கும் கொண்டுவந்தனர். 1833ஆம் ஆண்டுச் சாசனத்தின்படி உயர் நீதிமன்ற நீதியரசர்கள் மாகாணங்களுக்குச் சென்று பாரதூரமான குற்றங்களை விசாரித்தனர். யாழ்ப்பாணத்துச் சாட்சி கொழும்புக்கு அலையவேண்டியிருக்கவில்லை, இது மெய். ஆனால் நீதியரசரின் மொழி ஆங்கிலம். கூண்டில் நின்ற கமக்காரன், தன் உயிரைப் பற்றிய வாதத்தில் மொழிபெயர்ப்பாளர் சொன்ன அளவையே அறிந்தான். ஜூரிகளோ சொத்தும் வருமானமும் பார்த்துப் பொறுக்கப்பட்டவர்கள். அவனை விசாரித்தவருள் அவனைப் போன்றவர் ஒருவரேனும் உண்டா?

இங்கிலாந்து 1971ஆம் ஆண்டுச் சட்டத்தால் சுற்று மன்றங்களை ஒழித்தது. இலங்கையிலும் 1973ஆம் ஆண்டுச் சட்டத்தால் நிலையான மேல் நீதிமன்றங்கள் அவற்றின் இடத்தைப் பெற்றன. நீதிபதி இன்று அருகிலேயே இருக்கிறார். தவணைமேல் தவணையாக ஒத்திவைக்கப்படும் வழக்குக்காக, ஒவ்வொரு முறையும் கூலியை இழந்து பேருந்து ஏறுகிறவன் அதே ஏழைதான்.