நித்திரைக்கு எது மருந்து?

இரவில் உறக்கம் பிடிக்காமல் புரண்டுகொண்டிருப்பவனுக்கு யோசனை சொல்ல ஆட்களுக்குப் பஞ்சமே இல்லை. வயிற்றுவலிக்காரனை வைத்தியரிடம் போகச் சொல்லுகிற உலகம், தூக்கமில்லை என்று சொன்னவனுக்கு மாத்திரம் தானே வைத்தியராகிவிடுகிறது. பாலில் கசகசாவை அரைத்துக் கலந்து குடியும் என்பார் ஒருவர். அமுக்கராச் சூரணத்துக்கு மிஞ்சியது இல்லை என்பார் மற்றொருவர். மருதாணிப் பூவைத் தலையணைக்கு அடியில் வைத்துக்கொண்டு படுத்துப் பாரும் என்பார் வேறொருவர். இப்படி மருந்தில் வேறுபடுகிறவர்கள் யாவரும், ஆங்கில மாத்திரை பழகிவிடும், இயற்கையானதையே கைக்கொள்ள வேண்டும் என்கிற அபிப்பிராயத்தில் மட்டும் ஒன்றுபட்டு நிற்கிறார்கள். அந்த ஒற்றுமையைத்தான் சற்று நிதானித்து ஆராய வேண்டுமென்று எனக்குத் தோன்றுகிறது. இயற்கை மருந்து என்று எதைச் சொல்லுவது? பலர் பலவிதமாகச் சொல்லுகிறவற்றுள் ஒன்றை எந்த அளவுகோலைக் கொண்டு தேர்ந்தெடுப்பது?

நான் வசிக்கும் மணியாச்சியை வெளியூரார் இரண்டு விதமாக அறிவார்கள். 1911 ஜூன் 17-ஆம் தேதி ரயில் பெட்டியில் இருந்த கலெக்டர் ஆஷை வாஞ்சிநாதன் சுட்ட ஸ்தலம் என்பது சரித்திரம் படித்தவர்களுக்குத் தெரியும். தூத்துக்குடிக்குக் கிளை பிரிகிற சந்திப்பு, வேளை கெட்ட வேளையில் இறங்கி வண்டி மாறுவதற்காகக் கொட்டக் கொட்ட விழித்திருந்த இடம் என்பது பிரயாணிகளுக்குத் தெரியும். எங்கள் வீடுகளில் வந்து தங்கும் விருந்தாளிகள், இந்த வண்டிச் சத்தத்தில் எப்படித்தான் உறங்குகிறீர்களோ என்று மறுநாள் காலையில் கண் சிவந்து கேட்பதுண்டு. ஸ்டேஷனை ஒட்டிப் பிறந்து வளர்ந்தவர்களோ, கூட்ஸ் வண்டி கடக்கும்போதும் புரண்டு படுப்பதில்லை. ஆனால் அவர்களிலும், மகளுக்கு வரன் அமையாத வருஷத்தில் உறக்கம் இழந்தவர்கள் இருக்கிறார்கள். வெளியே எழும் சப்தத்துக்குச் சரீரம் பழகிக்கொள்ளுகிறது. உள்ளே எழும் விசாரத்துக்கு அது அவ்வளவு எளிதில் பழகுவதில்லை.

பழைய காலத்து மனிதர்கள் படுத்த மாத்திரத்தில் உறங்கினார்கள், இந்த நோய் இக்காலத்து நாகரிகத்தின் விளைவு என்று பேசுவது இப்போது ஒரு வழக்கமாகிவிட்டது. அதில் பாதி உண்மை உண்டு. பருத்திக் காட்டிலும் மிளகாய்க் காட்டிலும் பகலெல்லாம் குனிந்து நிமிர்ந்த உடம்பு, களத்தில் விரித்த சாக்கின்மேல் சாய்ந்ததும் தன்னை மறந்ததென்பது மெய்தான். ஆனால் ஐப்பசி பிறந்தும் வானம் கறுக்காத வருஷங்களில், கடன் வாங்கி விதைத்த கம்பும் உளுந்தும் முளை கருகுவதைக் கண்டு வீடு திரும்பிய மானாவாரிச் சம்சாரி எந்த இரவில் நிம்மதியாக உறங்கியிருக்க முடியும்? முன்னோர் அனைவரும் நன்றாகத் துயின்றது மெய்யானால், அவர்கள் துயிலுக்கென்று இத்தனை மருந்துகளைத் தேடி வைத்திருக்க வேண்டிய அவசியமே இல்லை. நித்திரையின்மைக்கு எருமைப்பாலை விதித்த சரக சம்ஹிதையும், எங்கள் ஆச்சிமாரின் அஞ்சறைப் பெட்டியும், அக்காலத்திலும் உறக்கம் வராத கண்கள் இருந்தன என்பதற்கு அழிக்க முடியாத சாட்சிகள்.

ஆகவே அந்த மருந்துகளை மரியாதையோடுதான் பார்க்க வேண்டும். அதிலும் அவை கொடுக்கப்பட்ட விதத்தைக் கவனித்துப் பார்க்க வேண்டும். எங்கள் ஆச்சி சாதிக்காயைத் தூளாக்கி டப்பாவில் வைத்து நான் பார்த்ததில்லை. உரைகல்லில் சில சொட்டுத் தாய்ப்பாலோ வெந்நீரோ விட்டு, கைக்குழந்தைக்கு ஓர் உரசு, பெரியவர்களுக்கு நாலைந்து உரசு என்று கணக்கிட்டு இழைத்து, அந்த விழுதைத்தான் புகட்டுவார். அவருக்குத் தராசு கிடையாது. உரசின் எண்ணிக்கையே தராசு. சாதிக்காய் மிஞ்சினால் நஞ்சு என்பதும், அளவு கடந்து தின்றவனுக்கு நெஞ்சு படபடத்து, வாய் உலர்ந்து, இல்லாதன எல்லாம் கண்முன் தோன்றுமென்பதும் இன்றைய வைத்திய நூல்கள் சொல்லுகிற உண்மை. உரைகல்லில் இழைத்த கைக்கு அந்த அளவை மீற வழியே இல்லாதிருந்தது. இன்று அதே சாதிக்காய் பொடியாகிப் புட்டியில் அடைபட்டு விற்பனைக்கு வருகிறது; கரண்டியில் அள்ளிப் போட்டுக்கொள்ளுகிறவன் ஆச்சியின் மருந்தைத்தான் உண்பதாக நினைக்கிறான். அவன் உண்பது ஆச்சியின் பொருளை மட்டுந்தான். அவருடைய அளவு அவனிடம் வந்து சேரவில்லை.

எண்ணெய் ஸ்நானத்தின் கதையும் இதுவே. சனிக்கிழமை காலையில் நல்லெண்ணெயில் இரண்டு மிளகைப் போட்டுக் காய்ச்சி, உச்சி முதல் உள்ளங்கால் வரையில் தேய்த்து, இளவெயிலில் உட்கார வைத்து, சீயக்காய் போட்டு வெந்நீர் வார்த்தபின், அன்று முழுவதும் இன்னது உண்ணலாம் இன்னது ஆகாது என்று ஒரு பத்தியம் உண்டு. அந்தப் பத்தியத்தில் முதன்மையானது, அன்று பகலில் கண்ணயரக் கூடாது என்பது. வெந்நீரில் குளித்துச் சோர்ந்த உடம்பு பகலில் கெஞ்சும் உறக்கத்தை மறுத்து, அதை முழுசாக இரவுக்குச் சேமித்து வைத்தார்கள். அன்றிரவு வந்த நித்திரைக்கு எண்ணெய் எத்தனை பங்கு காரணம், பகலில் உறங்காமை எத்தனை பங்கு காரணம் என்று யாரால் பிரித்துச் சொல்ல முடியும்? படுக்கப் போகுமுன் உள்ளங்காலில் எண்ணெய் தேய்ப்பதையும் வெறும் நம்பிக்கை என்று தள்ளுவதற்கில்லை. கை கால்களின் தோலில் இரத்தம் பாய்ந்து உட்சூடு வெளியேறத் தொடங்கும்போதுதான் உறக்கம் வருகிறதென்றும், பாதம் கதகதப்பாக இருப்பவர்கள் சீக்கிரம் உறங்குகிறார்களென்றும் ஸ்விட்சர்லாந்தின் பாசல் நகரத்து ஆராய்ச்சியாளர்கள் 1999-இல் எழுதினார்கள்.

மருந்தை அதன் அளவிலிருந்தும் வேளையிலிருந்தும் பத்தியத்திலிருந்தும் பிரித்தெடுத்து, பொருளை மட்டும் விலைக்கு வாங்குவதுதான் இன்று இயற்கை வைத்தியம் என்னும் பெயரால் பெரும்பாலும் நடைபெறுகிறது. இரவு பதினொரு மணி வரையில் கைப்பேசி வெளிச்சத்தைக் கண்ணில் வாங்கிக்கொண்டிருந்துவிட்டு, அதன்பின் அமுக்கரா மாத்திரை ஒன்றை விழுங்கிப் படுப்பவன், இயற்கையைக் கைக்கொண்டவன் ஆகமாட்டான். அவன் செய்தது மாத்திரையின் பெயரை மாற்றியது மட்டுமே.

செடியில் விளைந்ததனாலேயே ஒரு பொருள் சாதுவாகிவிடாது என்பதற்கு நம் தேசத்துச் சரித்திரமே போதிய சான்று. அபினும் ஒரு செடியின் பால்தான். பம்பாய் ஆலைகளில் வேலைக்குப் போன ஏழைத் தாய்மார்கள், தாங்கள் இல்லாத வேளையில் குழந்தை அழாமல் உறங்க வேண்டுமென்று அபின் கலந்த சிற்றுருண்டைகளைப் புகட்டிவிட்டுப் போன கொடுமையை ஒரு காலத்துத் தொழிலாளர் நிலைமையை ஆராய்ந்தவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். அதே செடியின் விதையாகிய கசகசா நம் சமையலறையில் குற்றமற்றதாக இருந்தாலும், வளைகுடா நாட்டுக்குப் பிழைக்கப் போகும் நம்மூர்ப் பிள்ளைகள் அதைப் பெட்டியில் வைத்துக்கொண்டு போனால் சட்டத்தின் பிடியில் சிக்கிக்கொள்ளுகிறார்கள்.

சர்ப்பகந்தாவின் வரலாறு இன்னும் படிப்பினை மிக்கது. வட இந்தியாவில் பித்தம் தலைக்கேறியவர்களை அடக்கி உறங்க வைப்பதற்கு நெடுங்காலமாகக் கொடுத்து வந்த அந்த வேரைக் கல்கத்தாவில் கணநாத் சென்னும் கார்த்திக் சந்திர போஸும் ஆராய்ந்து 1931-இல் எழுதினார்கள். இரத்தக் கொதிப்பைத் தணிக்கும் அதன் சக்தியைப் பம்பாய் டாக்டர் ரஸ்தம் ஜால் வக்கீல் 1949-இல் உலகறியச் செய்தார். மேலே சொன்ன பாசல் நகரத்து சீபா கம்பெனியார் 1952-இல் அதிலிருந்து ரிசர்பின் என்னும் சத்தைப் பிரித்தெடுத்தார்கள். உலகமெங்கும் அது பரவிய பின்னர், அதை உட்கொண்டவர்களில் சிலர் காரணமின்றிக் கடுஞ்சோர்வில் ஆழ்ந்ததைக் கண்டு வைத்தியர்கள் திடுக்கிட்டார்கள். நமது அமுக்கராவுக்கும் எச்சரிக்கை இல்லாமல் இல்லை. அதை உண்ட சிலருக்கு ஈரல் கெட்டதாகச் செய்திகள் வந்திருக்கின்றன. டென்மார்க் அரசாங்கம் 2023-இல் அதைத் தடை செய்தது. கர்ப்பிணிகளும், ஈரல் நோயுடையவர்களும், தைராய்டுக்கு மருந்து உண்பவர்களும் அதை வைத்தியரைக் கேளாமல் தொடலாகாது.

இப்படிச் சொல்லுவதனால் ரசாயனசாலையில் பிறந்த மருந்தே மேல் என்று நான் வாதிக்க வரவில்லை. யாருக்கும் தீங்கு செய்யாத தூக்க மருந்தென்று மேற்கு ஜெர்மனியில் 1957-இல் விற்பனைக்கு வந்த தாலிடோமைடு, கர்ப்பிணிகளின் வயிற்றிலிருந்த சிசுக்களின் கை கால்களைக் குலைத்து, பதினாயிரத்துக்கு மேற்பட்ட குழந்தைகளைக் கெடுத்தபின் 1961-இல் கடைகளிலிருந்து அகற்றப்பட்டது. காட்டில் பிறந்ததும் கெடுத்திருக்கிறது. கண்ணாடிக் குடுவையில் பிறந்ததும் கெடுத்திருக்கிறது. எனவே பிறந்த இடத்தைக் கேட்டு மருந்தைத் தேர்ந்தெடுப்பது, ஜாதியைக் கேட்டு மனிதனின் குணத்தைத் தீர்மானிப்பது போன்ற அறியாமையே ஆகும்.

அப்படியானால் எதைக் கேட்பது? அது என்னிடம் எப்படிப் பழகுகிறது என்று கேட்க வேண்டும். சில நாள் உதவிவிட்டுத் தானே விலகிக்கொள்ளுகிறதா, அல்லது நாளுக்கு நாள் அளவை ஏற்றச் சொல்லி, ஓர் இரவு தவறினால் பழைய துன்பத்தை இரட்டிப்பாக்கித் தன்னையே தேடும்படி செய்கிறதா? தன்னை வேண்டாததாக ஆக்கிக்கொள்ளும் மருந்தே இயற்கை மருந்து என்பது என்னுடைய முடிவு. இந்த அளவுகோலைக் கையில் எடுத்தால், முதலிடம் வேருக்கும் இல்லை, மாத்திரைக்கும் இல்லை. பழக்கத்தைத் திருத்துவதற்கே அது போகிறது.

எங்கள் பக்கத்துச் சம்சாரி ஒருவரிடம், முதுமையில் உறக்கம் குறைந்ததற்கு என்ன செய்கிறீர்கள் என்று கேட்டேன். "தூக்கம் வரலைன்னா படுத்துக் கெடந்து என்ன செய்ய? எந்திரிச்சுப் போயி மாட்டுக்கு ரெண்டு சோளத்தட்டையப் போட்டுட்டு வந்தா, அது பாட்டுக்கு வரும்" என்றார். அமெரிக்க மனோதத்துவ அறிஞர் ரிச்சர்ட் பூட்சின் 1972-இல் வகுத்த விதியும் இதுவேதான்: உறக்கம் வராதபோது படுக்கையில் கிடந்து போராடாதே, எழுந்து போய் அமைதியான வேலை ஏதேனும் செய், கண் சொருகும்போது திரும்பி வா, இரவு எப்படிக் கழிந்தாலும் காலையில் ஒரே நேரத்தில் எழு. இத்தகைய பயிற்சிகள் அடங்கிய சிகிச்சையைத்தான், மாத்திரைக்கு முன்னால் முதலில் கொடுக்க வேண்டுமென்று அமெரிக்க வைத்தியர் சங்கம் ஒன்று 2016-இல் விதித்தது. இது நடைவண்டியைப் போன்றது. கால் ஊன்றியபின் குழந்தை அதைத் திரும்பிப் பார்ப்பதில்லை.

மருந்தைத் தேடுமுன் கள்ளனைத் தேட வேண்டும் என்பதையும் மறந்துவிடக் கூடாது. ஜங்ஷன் கடையில் பொழுது சாய்ந்தபின் குடிக்கும் டீயின் வேகம் ஐந்து மணி நேரம் கழிந்தும் பாதிதான் குறைகிறது. அதைக் குடித்துவிட்டுச் சாதிக்காய்ப் பால் குடிப்பதில் என்ன பிரயோஜனம்? பகல் துயிலும் அப்படிப்பட்ட கள்ளன்தான். சித்தர் தேரையர் அதைக் கூடாதென்று விலக்கினார். சரகரோ இரவு குறுகிய கோடை காலத்தில் அதை அனுமதித்தார். சித்திரை வெயிலில் கரிசல் மண் வெடித்துக் கிடக்கையில், இருட்டோடு எழுந்து உழைத்தவன் வேப்பமர நிழலில் சற்றே கண்ணயர்வது நியாயம். மின்விசிறியின் கீழ் வேலையின்றி மூன்று மணி நேரம் உறங்கியவன் இரவைக் குறை சொல்லுவது நியாயமில்லை. கோவில்பட்டி ஆலைகளில் ஒரு வாரம் பகலிலும் ஒரு வாரம் இரவிலும் முறை மாறி உழைக்கும் தொழிலாளியின் உறக்கத்தைக் கெடுப்பது அவனுடைய முறை; அவனுக்கு மூலிகையை உபதேசிப்பதைவிட, பகலில் இருட்டான ஓர் அறையையும் அரவம் செய்யாத குடும்பத்தையும் கொடுப்பது உத்தமம். இரவில் பலதடவை சிறுநீருக்கு எழுப்பும் நீரிழிவும், குறட்டையின் நடுவே மூச்சை நிறுத்தும் கோளாறும், விடியுமுன் எழுப்பி நெஞ்சை அமுக்கும் மனச்சோர்வும் நாட்டு மருந்துக் கடையில் தீருகிறவை அல்ல. அவற்றை மூடி மறைத்து உறங்க முயல்வது ஆபத்து.

ஆகையால், உறக்கமிழந்த அன்பர்களுக்கு நான் சொல்லக்கூடியது இவ்வளவே. மாலைக்குப் பிறகு டீயை விடுங்கள். எழும் நேரத்தை மாற்றாதிருங்கள். வெந்நீரில் குளித்து, பாதத்தில் எண்ணெய் தேய்த்து, பசுவின் பாலோ எருமையின் பாலோ குடித்துப் படுங்கள். சாதிக்காய் வேண்டுமானால் உரைகல்லில் இழைத்தே சேருங்கள். வாரத்தில் மூன்று இரவுக்குக் குறையாமல், மூன்று மாதம் வரையில் இந்தத் தொல்லை நீடிக்குமானால் கூச்சப்படாமல் டாக்டரிடம் செல்லுங்கள். அதற்குமுன்பே பகல் வேலை தடைபட்டாலும், உயிரின்மேல் வெறுப்புத் தோன்றினாலும் அன்றைக்கே செல்லுங்கள். பல வருஷமாகத் தூக்க மாத்திரை உண்டு வருகிறவர்கள், இந்தக் கட்டுரையைப் படித்துவிட்டு அதைச் சட்டென்று நிறுத்த வேண்டாம். அதைக் கொடுத்த டாக்டரின் யோசனைப்படி மெல்ல மெல்லக் குறைப்பதே உசிதம். எந்த மருந்தை எடுத்தாலும் அதை விடும் நாள் எது என்று எடுக்கும் நாளிலேயே கேளுங்கள். அந்தக் கேள்விக்கு விடை சொல்லாதவர் கொடுக்கும் மருந்து எந்த மலையில் விளைந்த மூலிகையானாலும் வேண்டாம்.