வராதவருக்காகக் காத்திருத்தல்

நெதர்லாந்தில் பிறந்த மிக்கேல் டுடோக் டி விட் 2000-இல் இயக்கி, 2001-இல் ஆஸ்கர் விருது பெற்ற ‘ஃபாதர் அண்ட் டாட்டர்’ என்னும் எட்டு நிமிட அசைவூட்டப் படத்தில் உரையாடலே இல்லை. மகளோடு மிதிவண்டியில் அணைக்கரைக்கு வரும் தந்தை, படகை நோக்கி இறங்கிய பின்னும் மனம் கேளாமல் ஓடிவந்து அவளை வாரி அணைத்துவிட்டுத் துடுப்பு வலித்து மறைகிறார். ஏன் சென்றார், எங்கே சென்றார் என்பதைப் படம் சொல்வதில்லை. மகளோ சிறுமியாகவும் இளம்பெண்ணாகவும் தாயாகவும் மூதாட்டியாகவும் அதே கரைக்கு வந்து, நின்று பார்த்துவிட்டுத் திரும்புகிறாள். திரும்பி வராத ஒருவரோடு உறவு நீடிக்க முடியுமா, அல்லது எஞ்சுவது வெறும் நினைவின் மீதான பற்றுதானா என்பதே இங்கு எழும் வினா.

நம் ஆளுகைக்கு உட்படாதவற்றில் மனத்தை வைக்காதிருப்பதே விடுதலை எனக் கற்பித்த உரோமப் பேரரசுக் கால ஸ்டோயிக் அறிஞர் எபிக்டெட்டஸ், குழந்தையை முத்தமிடும்போதே அது இறக்கக்கூடிய உயிர் என்று நினைத்துக்கொள்ளச் சொன்னவர். இவ்வறிவுரை துயரைத் தணிக்கலாம்; ஆனால் அன்புக்கும் முன்கூட்டியே ஒரு வரம்பு கட்டிவிடுகிறது.

பிரெஞ்சு கிறித்தவ மெய்யியலாளர் கப்ரியேல் மார்செல் (1889–1973) வேறு வழியில் சிந்தித்தார். நான்கு வயதை ஒட்டித் தாயை இழந்த அவர், முதல் உலகப் போரின்போது செஞ்சிலுவைச் சங்கத்தில், காணாமற்போன படைவீரர்களைப் பற்றி விசாரித்துக் குடும்பத்தாருக்குத் தகவல் சொல்லும் பணியில் இருந்தார். வெளியே நின்று ஆராய்ந்து தீர்க்கத்தக்கதைச் ‘சிக்கல்’ என்றும், வினவுபவரே உள்ளே அகப்பட்டிருப்பதால் அவ்வாறு தீர்க்க முடியாததை ‘மறைபொருள்’ என்றும் அவர் பிரித்தார். தந்தை போன இடம் சிக்கலைச் சேர்ந்தது. மகளின் காத்திருப்பு மறைபொருளைச் சேர்ந்தது. இல்லாதவரை ‘அவர்’ என்னும் செய்தியாக்கிவிடாமல் ‘நீ’ என்றே கருதிவருவதுதான் மார்செல் கூறும் அன்பின் மாறாமை.

இறுதியில் மூதாட்டியின் மிதிவண்டி நிறுத்த நிறுத்தச் சாய்ந்து விழ, கிடக்கட்டும் என்று விட்டுவிட்டு, நீர் வற்றிப் புல் முளைத்த தரையில் அவள் இறங்கி நடக்கிறாள். விட வேண்டியதை விடத் தெரியாதவளல்லள் அவள். மணலில் புதைந்த படகைக் கண்டு அதில் சுருண்டு படுப்பவள், எழுந்து ஓட ஓட இளமையாகித் தந்தையைச் சேர்கிறாள். இதைக் கனவென்றோ மரணமென்றோ கொள்ளலாம். மார்செல் மறுமை பற்றிய நம்பிக்கையாகவே கொண்டிருப்பார். ஆயினும் இச்சந்திப்பு இயக்குநரின் கருணையேயன்றி வினாவுக்குத் தேவையான விடையன்று. வெறும் படகோடு படம் முடிந்திருந்தாலும், அவளுடைய காத்திருப்பு வீண் என்று தீர்ப்பளிக்க எபிக்டெட்டஸுக்கு இடம் இருந்திராது.