கடவுள் போன பிறகும்

ஆங்கில எழுத்தாளர் டி.எச். லாரன்ஸ் 1885இல் பிறந்த ஈஸ்ட்வுட், இங்கிலாந்தின் நாட்டிங்ஹாம்ஷயரில் உள்ள நிலக்கரி ஊர். அப்பா ஆர்தர், பிரின்ஸ்லி சுரங்கத்தில் தொழிலாளி. குடிப்பார், பேச்சில் வட்டார வழக்கு மணக்கும். அம்மா லிடியா சில காலம் பள்ளியில் பாடம் சொல்லிக்கொடுத்தவர்; மதுவென்றால் ஆகாது; பிள்ளைகளைக் காங்கிரிகேஷனல் சபையில் வளர்த்தார். அந்த வீட்டுச் சண்டை பணத்தோடு நிற்கவில்லை. உடம்பு பெரிதா, ஆத்துமா பெரிதா என்பதும் அடுப்படியில் தினமும் எழுந்த வழக்குதான்.

1907இல், 22 வயதில், ஊர்ச் சபைப் போதகருக்கு லாரன்ஸ் கடிதம் எழுதினார். சேரிகளில் மனிதர் படும் பாட்டைப் பார்த்தபின் இயேசுவின் தெய்வீகத்தை நம்ப முடியவில்லை என்றார்.

நம்பிக்கை போனதே தவிர, புனிதத்தைத் தேடும் பழக்கம் போகவில்லை. ‘சன்ஸ் அண்ட் லவர்ஸ்’ (1913) நாவலில், சுரங்கத்திலிருந்து வந்த அப்பா மோரல் கணப்பின் முன் கரியைக் கழுவுகிறான். மனைவி முதுகு தேய்த்துவிடுகிறாள். எப்போதும் அவனைக் கரித்துக்கொட்டும் அவளே, வாலிபத்தில் அவன் நடந்த மிடுக்கை மகனுக்கு நடித்துக் காட்டுகிறாள். அம்மா பக்கம் சாய்ந்த அந்த நாவலிலும் அப்பாவின் உடம்புக்குக் கொஞ்சம் மரியாதை கிடைப்பது இங்கேதான்.

காசநோய் முற்றிய கடைசிக் குளிர்காலத்தில் அவர் எழுதியது ‘அபோகாலிப்ஸ்’. பைபிளின் வெளிப்படுத்தின விசேஷத்தைப் பற்றிய நூல் அது. அவர் 1930இல் இறந்த மறு ஆண்டு வெளிவந்தது. சிறுவயதில் சுரங்க ஊர்ச் சபைகளில் அந்த ஆகமத்துக்கு இருந்த மவுசை அதில் நினைவுகூர்கிறார். பாபிலோன் விழும், இன்று மேலே இருப்பவர்கள் நாளை கீழே கிடப்பார்கள். இதில் அவர் கண்டது, எளியோரின் அடங்காத அதிகார ஆசை. கணிப்பு கூர்மையானது, நியாயமானதா என்பது வேறு. பகலெல்லாம் மண்ணுக்கடியில் கிடந்தவன் நீதி கேட்டதைப் பொறாமைக் கணக்கில் எழுதுவது, ஊரைவிட்டு வெளியேறியவருக்குச் சுலபம். இத்தனைக்கும், சிறுவனாகக் கேட்ட பாமாலைகள் பெரும் கவிதைகளைவிட ஆழமாக மனதில் தங்கிவிட்டன என்று 1928இல் எழுதியவரும் இவரே.

அதே ஆண்டு ஃபிளாரன்சில் அவர் சொந்தமாக அச்சிட்ட ‘லேடி சாட்டர்லீஸ் லவர்’ நாவல் 1960இல் ஆபாச வழக்காக லண்டன் நீதிமன்றத்துக்கு வந்தது. பெங்குவின் பதிப்பகத்தின் சார்பில் சாட்சி சொன்னார் வூலிச் பேராயர் ஜான் ராபின்சன். ஆண்-பெண் கூடலைத் திருவிருந்துபோல் புனிதமாகக் காட்டவே லாரன்ஸ் முயன்றார் என்பது அவர் வாதம். நவம்பர் 2ஆம் தேதி பதிப்பகம் குற்றமற்றது என்று ஜூரிகள் தீர்ப்பளித்தனர். ராபின்சனை அவருடைய தலைமைப் பேராயர் ஃபிஷர் பகிரங்கமாகவே கண்டித்தார்.