சேய்மைக் காட்சியும் அறப் பொறுப்பும்

இருந்த இடத்தில் இருந்தவாறே தொலைவில் நிகழ்வதைக் காணவேண்டும் என்பது மனிதகுலத்தின் பழைய வேட்கைகளுள் ஒன்று. அதனை முன்னாளில் மந்திரமும் பின்னாளில் விஞ்ஞானமும் நிறைவேற்ற முயன்றன. அம்முயற்சியின் வரலாறு ஒருபுறமிருக்க, அதனுள் பொதிந்துள்ள அறவியல் வினா இன்றும் விடை வேண்டி நிற்கின்றது. தொலைவிலுள்ளதைக் காணும் ஆற்றல் பெற்றவனுக்குக் காணப்படுவோர்பால் கடமை யாதேனும் உண்டா? உண்டெனின், அக்கடமையின் எல்லை யாது?

தமிழர் வழக்கில் இவ்வாற்றலுக்குரிய கருவியாகக் கொள்ளப்பட்டது மை. வெற்றிலையிலோ பெருவிரல் நகத்திலோ கரிய மையைத் தடவி, அதனை உற்றுநோக்குமாறு ஒரு சிறுவனைப் பணிப்பர். களவுபோன பொருள் எங்குளது, எடுத்தவர் யாவர், பிரிந்து சென்றவர் எவ்வூரில் உள்ளார் என்னும் வினாக்களுக்கு அவன் மையிற் கண்டதாக விடை கூறுவான். சிங்கள மக்களிடையேயும் இவ்வழக்கம் அஞ்சனம் என்னும் பெயராலேயே அறியப்படுகின்றது. கண்ணாடியையும் நீர்க்கலத்தையும் நோக்கிக் குறி சொல்வோரைப் பற்றி 14ஆம் நூற்றாண்டில் எழுதிய அரபு அறிஞர் இப்னு கல்தூன், அவர்கள் காணும் உருவம் கண்ணாடியின் பரப்பில் இருப்பதன்று என்றும், அது ஆன்மாவின் உணர்வைச் சார்ந்தது என்றும் கருதினார். மை மெய்யோ பொய்யோ, அதன் அறக்குறை வெளிப்படையானது. காண்பவன் ஒருவன், ஏனையோர் அவன் சொல்லை நம்ப வேண்டியவர்கள். கள்வன் எனச் சுட்டப்பட்டவனுக்கோ மறுமொழி கூற அங்கு இடமே இல்லை.

இவ்விடத்துத் திருக்குறளின் அதிகார அமைப்பு சிந்தனைக்குரியது. அரசனுக்குத் தொலைவைக் காட்டும் கண்ணாக வள்ளுவர் கொண்டது ஒற்று. ஓர் ஒற்றன் கொணர்ந்த செய்தியை வேறோர் ஒற்றனைக் கொண்டு ஒத்துப்பார்த்தே ஏற்றல் வேண்டும் என்பது அவர் வகுத்த நெறி. மையில் இல்லாத சரிபார்ப்பு ஈண்டு இன்றியமையாத விதியாகின்றது. அதனினும் குறிப்பிடத்தக்கது, 59ஆம் அதிகாரமாகிய ஒற்றாடலுக்கு முன்னர் 58ஆம் அதிகாரமாகக் கண்ணோட்டம் நிற்பதாகும். கண் ஒருவர்மீது ஓடுதலைக் குறிக்கும் சொல்லே தமிழில் இரக்கத்துக்கும் பெயராயிற்று. தொலைவைக் காணும் கண்ணைப் பெறுமுன் இரக்கமுடைய கண்ணைப் பெறுக என்று அவ்வரிசையைப் பொருள்கொள்ளுதல் தவறாகாது.

காட்சி மட்டும் அறத்தைப் பிறப்பிக்காது என்பதற்குப் பாரதம் சான்று. போர்க்களத்தைக் காணும் பார்வையைத் தர வியாசர் முன்வந்தபோது, உறவினர் மடிவதைக் காண விரும்பாத திருதராட்டிரன் அதனை மறுத்தான்; அப்பார்வை சஞ்சயனுக்கு வாய்த்தது. சஞ்சயன் யாவற்றையும் கண்டு கூறினான். அரசன் யாவற்றையும் கேட்டு வருந்தினான். ஆயினும் போர் நிற்கவில்லை. அவனிடம் குறைந்திருந்தது செய்தியன்று. மகனைத் தடுக்கும் உறுதியே.

இலங்கையில் 1979இல் தொலைக்காட்சி தொடங்கியது. 1982இல் ரூபவாகினி ஒளிபரப்பை ஆரம்பித்தபின் சஞ்சயனின் பார்வை மெல்ல மெல்ல வீட்டுப் பொருளாயிற்று. இன்று கைத்தொலைபேசியில் எந்நாட்டுப் போரையும் வெள்ளத்தையும் எவரும் காணலாம். ஆயின் இக்கருவிகளை இயக்கும் மின்சாரம் எங்கிருந்து வருகின்றது என்பதைக் காண்போர் சிலரே. புத்தளம் களப்புக்கும் கடலுக்கும் இடைப்பட்ட கற்பிட்டிக் குடாநாட்டில், மீன்பிடியும் மணற்பாங்கான நிலத்து மிளகாய், வெங்காயத் தோட்டங்களும் வாழ்வாதாரமாயுள்ள ஊர் நுரைச்சோலை. உள்ளூர் மக்களும் கத்தோலிக்கத் திருச்சபையினரும் எதிர்ப்புத் தெரிவித்ததனால் நெடுங்காலம் தாமதமுற்ற லக்விஜய அனல்மின் நிலையத்தின் முதலாவது அலகு அங்கு 2011இல் இயங்கத் தொடங்கியது. 2014இல் மூன்று அலகுகளும் நிறைவுற்று, அதன் கொள்ளளவு 900 மெகாவாட் ஆயிற்று. நிலக்கரித் தூளும் சாம்பலும் காற்றிற் பறந்து வீடுகளிலும் தோட்டங்களிலும் படிவதாக அயலவர் பல ஆண்டுகளாக முறையிட்டு வந்துள்ளனர். 2025 பெப்ரவரி 9ஆம் திகதி பாணந்துறை உபமின் நிலையத்தில் ஏற்பட்ட கோளாறினால் நாடு இருளில் மூழ்கி, நுரைச்சோலையின் மூன்று அலகுகளும் நின்றபோது அவ்வூரின் பெயர் எங்கும் பேசப்பட்டது. ஒளி இருந்த நாளிற் காணப்படாத ஊர் இருள் வந்த நாளிலே நினைக்கப்பட்டது.

ஈண்டு ஒரு மறுப்பு எழலாம். உலகின் துன்பமனைத்தும் கண்முன் வரும்போது அனைத்துக்கும் ஒருவன் பொறுப்பேற்றல் இயலுமா? இயலாது, இயலாததனை அறம் கடமையாக விதிப்பதுமில்லை. மேலும், நாட்டுக்கு மின்சாரம் வேண்டும். அதற்கான நிலையம் எங்கேனும் அமைந்தே ஆகவேண்டும் என்பாருமுளர். அதுவும் ஏற்கத்தக்கதே. ஆயின் இவ்விரு மறுப்புகளும் கடமையின் அளவை வரையறுக்கின்றனவேயன்றிக் கடமையை நீக்கவில்லை. தன் செயலாற் பாதிக்கப்படாத தூரத்து மனிதனுக்கு ஒருவன் செலுத்தக்கூடியது பரிவு. தான் துய்க்கும் பயனுக்காகச் சுமை தாங்குபவனுக்கு அவன் செலுத்தவேண்டியதோ கடன். பரிவு காண்பவனின் விருப்பத்தைச் சார்ந்தது, கடன் அவ்வாறன்று. தொலைதூரப் போரைக் கண்டு கண்ணீர் விடுபவன், தன் விளக்கின் மறுமுனையிலுள்ள தோட்டத்தைக் காணாதிருப்பானாயின், அவனது பார்வை விரிந்ததேயன்றி நேர்மையுற்றதாகாது.

அக்கடனின் முதற்கூறு கேட்டலாகும். மையிற் காணப்பட்டவனுக்கு மறுமொழி கூறும் உரிமை இருக்கவில்லை. இன்றைய காட்சிக் கருவிகளும் நுரைச்சோலையை ஒரு புகைபோக்கியின் படமாகக் காட்டி அமையுமாயின், அவை மையினும் மேம்பட்டவையல்ல. அங்கு வாழ்வோர் தம் கிணற்றைப் பற்றியும் பயிரைப் பற்றியும் கூறுவதைக் கேட்டு, அதனை அளவீட்டோடு ஒத்துப்பார்த்து, இழப்பு மெய்ப்படுமிடத்து ஈடுசெய்வதே வள்ளுவர் கூறிய ஒற்றாடலும் கண்ணோட்டமும் ஒருங்கே அமைந்த காட்சியாகும். அதற்குத் தெய்வப் பார்வை வேண்டியதில்லை. கொழும்பிலிருந்து சில மணிநேரப் பயணம் போதும்.