கண்டதும் கேட்டதும்

தோட்டக்கலை நூலொன்றில் பொய் புகுந்தால் அதற்கு விலை கொடுப்பவர் யார்? கதையில் புகுந்த பொய் பொழுதை மட்டுமே வீணாக்கும். மரம் வளர்க்கும் முறை கூறும் நூலில் புகுந்த பொய்யோ, அதை நம்பி நட்டவனின் ஐந்தாறு ஆண்டுகளை விழுங்கிவிடும். காய்க்கும் பருவத்தில்தான் பிழை வெளிப்படும். அதற்குள் அவன் உழைப்பு மண்ணோடு மண்ணாகியிருக்கும். ஆகவே, தான் கண்டிராததை ஒருவன் எழுதலாமா என்னும் வினா இத்துறையில் வெறும் எழுத்து முறை பற்றியதன்று, அமானிதம் பற்றியதாகும்.

ஸ்பெயின் நாட்டு முஸ்லிம் அறிஞர் இருவர் இதற்கு இருவேறு விடைகளை விட்டுச் சென்றுள்ளனர். ஒருவர் 11-ஆம் நூற்றாண்டினரான இப்னு பஸ்ஸால். டொலிடோ நகரில் அரசரின் தோட்டத்தைப் பேணிய அவர், 1085-இல் அந்நகர் காஸ்டீல் அரசின் வசமான காலத்தையொட்டி இஷ்பீலியாவில் குடியேறினார். மண்ணைப் பத்து வகையாகப் பிரித்துக் காட்டும் அவரது நூலில் முன்னோர் எவருடைய கூற்றும் சான்றாகக் காட்டப்படவில்லை. தம் கையும் கண்ணும் அறிந்ததே அவருக்குப் போதுமானதாயிருந்தது.

மற்றவர், 12-ஆம் நூற்றாண்டின் இறுதியில் இஷ்பீலியாவில் வாழ்ந்த இப்னுல் அவ்வாம். அவரது ‘கிதாபுல் ஃபிலாஹா’ 500-க்கும் மேற்பட்ட செடிகொடிகளைப் பற்றிப் பேசுகிறது. கிரேக்கர், ரோமானியர், இராக்கின் நபத்தியர், தமக்கு முந்திய இப்னு பஸ்ஸால் ஆகியோரின் கருத்துகளையெல்லாம் அவரவர் பெயருடன் அவர் தொகுத்தார். ஆனால், பன்முறை சோதித்து மெய்யென அறிந்ததையன்றி வேறெதையும் தம் கூற்றாக வைப்பதில்லை என்றும் உறுதி கூறினார்.

இவ்விருவரில் எவர் வழி நேர்மையானது? மேலெழுந்தவாரியாக நோக்கின், இப்னு பஸ்ஸாலின் வழியே தூயதெனத் தோன்றும். ஆயின், நட்டவனைக் கடந்தும் பல தலைமுறைகள் வாழ்வது ஒலிவ மரம். அதன் முழு வாழ்வையும் கண்டு எழுதவல்லவர் எவர்?

இங்கிலாந்தின் டார்வின் தம் இல்லத்தருகே புல்வெளியொன்றில் 1842-இல் சுண்ணக்கல் துண்டுகளைப் பரப்பச் செய்தார். 29 ஆண்டுகள் கழித்து, 1871-இல் அங்கே அகழ்ந்து பார்த்தபோது அவை 7 அங்குல ஆழத்தில் கிடந்தன. மண்புழுக்கள் மேலே கொணர்ந்த மண் அவற்றை மூடியிருந்தது. அவர் இதை விளக்கிய நூல் 1881-இல், அவர் மறைவதற்கு முந்திய ஆண்டில் வெளிவந்தது. இத்தகைய சோதனைகள் எத்தனையை ஓர் ஆயுள் தாங்கும்? கண்டதை மட்டுமே ஏற்போம் என்றால், ஒவ்வொரு தலைமுறையும் அரிச்சுவடியிலிருந்தே தொடங்க நேரும்.

எனவே கேட்டதையும் நாம் பெற்றாக வேண்டும். பிறர்க்கு வழங்கியாகவும் வேண்டும். ஆனால் கேட்டதைக் கண்டதென்று கூறலாகாது. ஹதீஸ் கலை வல்லுநர்கள் அறிவிப்பாளர் வரிசையை அத்துணைக் கவனமாகக் காத்ததன் கருத்தை நாம் அறிவோம். சொன்னவர் பெயர் நிலைத்திருந்தால், சொல்லில் பிழை இருப்பினும் பின்வருவோர் அதனைத் தேடித் திருத்த இயலும். பெயர் மறைந்த பிழையோ, எல்லோருடைய சொல்லாகவும் மாறி வேரூன்றிவிடும். இதனால்தான் இப்னுல் அவ்வாமின் வழியையே நாம் சிறந்ததெனக் கொள்கிறோம்.

இது நூலாசிரியர்க்கு மட்டும் உரிய கடமையன்று. எலுமிச்சைக் கன்றுக்கு எவ்வளவு நீர் வேண்டுமென்று நம் பிள்ளை கேட்கும்போது, “இதை நான் செய்து பார்த்தேன், இதை என் வாப்பா சொல்லக் கேட்டேன்” எனப் பிரித்துச் சொல்வோமாக. எஞ்சியதைத் தானே சோதித்தறியும் உரிமை அப்போது அப்பிள்ளைக்குக் கிட்டும்.