தறிக்கிடங்கு

மிலானோவில் வேலை பார்க்கும் மச்சான் போன நோன்புப் பெருநாளைக்குப் பெரியநீலாவணைக்கு வந்தபோது எனக்கென்று ஒரு சித்திர நாவல் கொண்டுவந்தார். பெயர் ‘டிராகோனெரோ’. லூக்கா எனோக்கும் ஸ்தெபானோ வியெத்தியும் எழுதி, ஜுசெப்பே மத்தேயோனி வரைந்தது. 2007இல் பொனெல்லி பதிப்பகம் வெளியிட்டது. லயன் காமிக்ஸில் நாம் வாசித்து வளர்ந்த டெக்ஸ் வில்லரும் அந்த வீட்டுப் பிள்ளைதான்.

எனக்கு இத்தாலிய மொழி தெரியாது. எரோந்தார் என்ற பேரரசு, இயான் என்ற வீரன், அவனுடைய தோழனாக வரும் கிமோர் என்ற ஓர்க். இவ்வளவும் மச்சான் சொல்லித் தந்தது. மிச்சத்தைக் கறுப்பு வெள்ளைப் படங்களிடமே கேட்டுக்கொண்டேன். டிராகன் வந்த பக்கங்களைச் சட்டென்று புரட்டிவிட்டேன். சேணத்து வாரிலும் மதிலின் கல்லடுக்கிலும்தான் கண் நின்றது. யாரோ குடியிருந்து புழங்கிய அடையாளம் தெரிந்தால்தான் மனம் உள்ளே போகிறது.

உமறுப் புலவருக்கு இது தெரிந்திருக்கிறது. சீறாப்புராணத்தின் நாட்டுப் படலத்தில் அரபு மண்ணில் மழை கொட்டுகிறது, ஆறு பெருகுகிறது, வயலில் நாற்று நடுகிறார்கள். சின்ன வயதில் இதைக் கேட்டபோது பாலைவனத்தில் ஏது வயல் என்று குழம்பினேன். புலவர் இருந்த எட்டயபுரமோ மழைக்கு ஏங்கும் கரிசல் பூமி. இப்போது விளங்குகிறது: கேட்கிறவர்கள் எதைப் பெரும் பேறாக நினைத்தார்களோ, அதைக் கொண்டே நபிகள் பிறந்த நாட்டுக்கு அவர் மரியாதை செய்தார். 5027 பாடல்களுக்குள் தமிழன் கால்வைத்து நடக்க முதலில் ஈரமண் வேண்டியிருந்தது.

எங்கள் வளவிலும் அப்படி ஓர் உலகம் உண்டு. 2004 டிசம்பர் 26 காலை கடல் வந்து வீட்டை அள்ளிப் போனது. கிணறு மட்டும் மிஞ்சியது. பிறகு உம்மா அந்த மணலில் நின்று, கிணற்றிலிருந்து அடி எண்ணிக் காட்டுவா. இது குசினி. இது முருங்கை. இது மருதமுனையில் தொழில் பழகிய மூத்தம்மாட தறி. கிடங்குக்குள் காலைத் தொங்கப்போட்டு மூத்தம்மா மிதிகட்டையை அழுத்த, நாடா இடமும் வலமும் ஓடும். அவ உட்கார்ந்த பலகை வழுவழுவென்று தேய்ந்திருக்கும். சாரனுக்குப் பாவு ஓடுகிற நாளில் பிள்ளைகள் குறுக்கே போகக்கூடாது. உம்மா இதையெல்லாம் பேத்திக்குத் திரும்பத் திரும்பச் சொன்னா. ஓர் உலகத்தைக் காணாத பிள்ளை அதற்குள் வழிதவறாமல் நடக்கிற அளவுக்குச் சொல்லிவிட்டால், அது நிற்கும்.

உம்மா மௌத்தான பிறகு ஒருநாள் மகளோடு அந்த வளவுக்குப் போனேன். அவள் கடல் வந்ததற்குப் பிறகு பிறந்தவள். ஏதோ யோசனையில் நான் நேரே நடந்தேன். கையைப் பிடித்து இழுத்தாள்.

“இதால வாங்க வாப்பா, அதுல தறிக்கிடங்கு.”

வெறும் மணல். இருவரும் சுற்றிக்கொண்டு போனோம்.