மீட்டரிடம் என்ன சொல்வது?

சைக்கிள் ஹேண்டில்பாரில் மாட்டும் வயர்லெஸ் மீட்டர்கள் பலவற்றில் சி.ஆர். 2032 என்கிற பட்டன் செல்தான் இருக்கும். வாட்ச் கடையில் கிடைக்கும். தினமும் ஓட்டுகிறவருக்கு ஏறத்தாழ ஒரு வருடம் வரும். அது தீர்ந்து புதிய செல்லைப் போட்டதும், பல மாடல்கள் பழையதையெல்லாம் மறந்துவிட்டுக் கேள்வி கேட்கத் தொடங்கும். கிலோமீட்டரா, மைலா? மணி என்ன? சக்கரத்தின் சுற்றளவு எத்தனை மில்லிமீட்டர்? சில மாடல்களில் நான்காவதாக ஒரு கேள்வியும் உண்டு: இதுவரை ஓடிய மொத்தத் தொலைவு எவ்வளவு?

முதல் இரண்டுக்கும் யாரும் யோசிக்க மாட்டார்கள். மற்ற இரண்டும் லேசுப்பட்ட கேள்விகள் இல்லை. தன்னை எதைக் கொண்டு அளந்துகொள்வது, கடந்து வந்ததில் எதைக் கணக்கில் வைப்பது என்று மனிதர்கள் வாழ்நாள் முழுக்கத் திணறுகிற விஷயங்கள் அவற்றுக்குள் இருக்கின்றன.

மீட்டருக்குத் தொலைவு தெரியாது. முன் சக்கரத்தின் ஸ்போக்ஸ் கம்பி ஒன்றில் சிறிய காந்தம் இருக்கிறது. ஃபோர்க்கில் சென்சார் இருக்கிறது. சாதாரண மாடல்களில் சென்சாருக்குள் இருப்பது ரீட் சுவிட்ச். கண்ணாடிக் குழாய்க்குள் ஒன்றையொன்று தொடாமல் நிற்கும் இரண்டு மெல்லிய தகடுகள் கொண்டது அது. காந்தம் கடக்கும்போது ஒட்டும், விலகினதும் பிரியும். 1936-இல் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் வால்டர் எல்வுட் கண்டுபிடித்தது. காந்தத்துக்கும் சென்சாருக்கும் நடுவே 5 மில்லிமீட்டருக்கு மேல் இடைவெளி விழுந்தால் பல சென்சார்கள் காந்தத்தைக் கவனிக்காமல் விட்டுவிடும். ஒட்டிப் பிரிந்த செய்தி ரேடியோ அலையாக மேலே போகிறது. விலை குறைந்த மாடல்களில் அது எட்டும் தூரம் ஒரு மீட்டர்கூட இருக்காது. பக்கத்தில் மட்டமான எல்.இ.டி. விளக்கு எரிந்தால் எண்கள் தாறுமாறாகத் துள்ளுவதும் உண்டு.

மேலே இருக்கும் பெட்டிக்கு வந்து சேர்வது இவ்வளவுதான்: ஒரு சுற்று முடிந்தது, இன்னொரு சுற்று முடிந்தது. ஒரு சுற்றுக்கு எவ்வளவு தூரம் என்பதை ஓட்டுகிறவர் சொல்லியாக வேண்டும். வேகம், சராசரி, இன்றைய தொலைவு, மொத்தத் தொலைவு என்று திரையில் வருகிற எல்லாமே அவர் சொன்ன அந்த ஒற்றை எண்ணை வைத்துப் போட்ட கணக்கு. அவர் தப்பாகச் சொன்னால் கருவி எதிர்த்துப் பேசாது. தப்பான தொலைவையே இரண்டு தசம இடம்வரை துல்லியமாகக் காட்டும்.

தருமபுரியிலிருந்து பென்னாகரம் போகும் சாலையில் இருக்கிறது இண்டூர். தருமபுரியில் கிளம்பி இண்டூரைத் தாண்டி, பென்னாகரத்தையும் தாண்டி, காட்டுக்குள் மலைப்பாதையில் இறங்கினால் ஒகேனக்கல். மொத்தம் சுமார் 46 கிலோமீட்டர். 32 மில்லிமீட்டர் டயர் போட்ட ஹைப்ரிட் சைக்கிளில் ஒருவர் இந்தச் சாலையில் போகிறார் என்று வைத்துக்கொள்வோம். மீட்டரோடு வரும் அட்டவணைப்படி அந்தச் சக்கரத்தின் சுற்றளவு 2155. அவரோ, நண்பரின் ரேஸ் சைக்கிளில் பார்த்த 2096 என்ற எண்ணைத் தன் மீட்டரிலும் போட்டுவிட்டார். அது 23 மில்லிமீட்டர் டயருக்கான எண். ஒகேனக்கல் பரிசல் துறைக்குப் போய் இறங்கும்போது மீட்டரில் 44.7 கிலோமீட்டர்தான் இருக்கும். ஒன்றேகால் கிலோமீட்டர் காணாமல் போயிருக்கும். மணிக்கு 20 கிலோமீட்டர் வேகத்தில் மிதித்தவரிடம், 19.5 கூட வரவில்லை என்று அது சொல்லும். அவருடைய கால்கள் 21,000 சுற்றுக்கு மேல் அந்தச் சக்கரத்தை உருட்டியிருக்கின்றன. அதில் ஒரு சுற்றுகூடக் குறையவில்லை. அடுத்தவர் சக்கரத்தின் அளவில் தன்னை அளந்ததால் வந்த குறைவு அது.

இந்தத் தப்பு சைக்கிளோடு நிற்பதில்லை. தருமபுரி மாவட்டத்துக் கிராமங்களிலிருந்து ஓசூருக்கும் பெங்களூருக்கும் திருப்பூருக்கும் வேலைக்குப் போகிறவர்கள் ஏராளம். ஓசூர் தொழிற்சாலையில் ஷிஃப்ட் பார்க்கிற பையனின் சம்பளத்தை, பெங்களூரில் ஐ.டி. வேலையில் இருக்கும் சித்தப்பா மகனின் சம்பளத்தோடு கல்யாண வீட்டுப் பந்தியில் வைத்து எடை போடுவார்கள். யார் எந்த மேட்டில் ஏறிக்கொண்டிருக்கிறான், யார் வீட்டில் அப்பாவுக்கு மருந்துச் செலவு போகிறது, யார் தங்கையின் காலேஜ் ஃபீஸைக் கட்டுகிறான் என்பதெல்லாம் அந்தக் கணக்கில் சேராது. இதில் வருத்தம் என்னவென்றால், ஊர் வந்து போடுகிற எண்ணைவிடப் பையன் தானாகவே தனக்குப் போட்டுக்கொள்கிற எண் இன்னும் கொடுமையாக இருக்கும். அவன் தினமும் அதைப் பார்த்துத் தன்னை மெதுவானவன் என்று நம்பிக்கொண்டிருப்பான்.

சைக்கிளில் இதற்கு வழி இருக்கிறது, எளிய வழி. டயரில் சரியாகக் காற்றடித்து, வால்வு தரைக்கு நேராக வரும்படி நிறுத்தி, தரையில் சாக்பீஸால் கோடு போட வேண்டும். சைக்கிளின் மேல் உட்கார்ந்துகொண்டே நேராக உருட்டி, வால்வு மறுபடி கீழே வரும் இடத்தில் இன்னொரு கோடு. நடுவே இருக்கும் நீளம்தான் சுற்றளவு. உட்காருவது முக்கியம். ஆள் ஏறினால் டயர் கொஞ்சம் அமுங்கும், சுற்றளவும் குறையும். ஆரம் ஒரு மில்லிமீட்டர் குறைந்தாலே சுற்றுக்கு 6 மில்லிமீட்டருக்கு மேல் போய்விடும். ஐந்தாறு சுற்று உருட்டி வகுத்துக்கொண்டால் இன்னும் சரியாக வரும். அட்டவணையில் இருப்பது கம்பெனி சொன்ன டயர். தரையில் உருளுவது இவருடைய எடையையும் இவர் அடித்த காற்றையும் சுமக்கிற டயர்.

எல்லாக் காலத்திலும் இந்த வேலை ஓட்டுகிறவர் கையில் இருந்ததில்லை. 1895-இல் அமெரிக்காவின் ஹார்ட்ஃபோர்ட் நகரில் கர்ட்டிஸ் வீடர் உருவாக்கிய சைக்ளோமீட்டர், ஸ்போக்ஸில் இருக்கும் முள் ஒவ்வொரு சுற்றிலும் ஒரு சின்னப் பற்சக்கரத்தைத் தட்டி எண்ணும் கருவி. 28 அங்குலச் சக்கரத்துக்கு ஒன்று, 26 அங்குலத்துக்கு வேறொன்று என்று கடையிலேயே பார்த்து வாங்க வேண்டும். ஒசாகாவின் கேட்ஐ நிறுவனம் 1981-இல் தன் முதல் எலக்ட்ரானிக் மீட்டரை வெளியிட்டது. எலக்ட்ரானிக் மீட்டர்கள் பரவியபோது அளவைச் சொல்லும் பொறுப்பு ஓட்டுகிறவருக்கு வந்துவிட்டது. இது பெரிய சுதந்திரம் என்றுதான் சொல்ல வேண்டும். பலர் அதை ஒரு பட்டன் அழுத்தலாக நினைத்துக் கடந்துவிடுகிறார்கள்.

எண் தெரிந்தும் அளவு தெரியாத இந்தப் பிரச்சினை தருமபுரி மண்ணுக்குப் பழசு. 13-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த மைல்கற்கள் இந்த மாவட்டத்தில் கிடைத்திருக்கின்றன. அதியமான் பெருவழி என்ற நெடுஞ்சாலையில் நாவற்றாவளம் என்ற ஊருக்கு இன்னும் எத்தனை காதம் என்று அவை சொல்கின்றன. ஒரு கல்லில் 29 காதம். அந்த எண்ணை எழுத்தில் மட்டும் வெட்டவில்லை. படிக்கத் தெரியாதவருக்கும் புரியட்டும் என்று பத்துக்கு ஒரு பெரிய குழி, ஒன்றுக்கு ஒரு சின்னக் குழி என்ற கணக்கில் இரண்டு பெரிய குழிகளையும் ஒன்பது சின்னக் குழிகளையும் செதுக்கியிருக்கிறார்கள். தலைச்சுமையோடு வருகிற வணிகரின் கூலியாளையும் நினைத்துப் பார்த்துச் செய்த வேலை அது. ஆனால் ஒரு காதம் என்பது எவ்வளவு நீளம் என்பது இடத்துக்கு இடம், காலத்துக்குக் காலம் மாறியது. குழிகளை எண்ணினால் 29 வரும். அந்த 29 எவ்வளவு நடை என்பதை, அந்தச் சாலையில் நடந்தவர்கள்தான் அறிந்திருப்பார்கள்.

1802-இல் நில அளவையாளர் வில்லியம் லாம்டன் சென்னை பரங்கிமலைக்கு அருகே ஏழரை மைல் நீளத்துக்கு ஒரு நேர்கோட்டை அளந்தார். இந்தியா முழுவதையும் அளந்த மாபெரும் முக்கோண நில அளவைக்கு அந்தக் கோடுதான் தொடக்கம். நூறு அடி எஃகுச் சங்கிலி வெயிலில் நீளும். அதனால் அதை மரப்பெட்டிகளுக்குள் வைத்து, கூடவே வெப்பமானிகளையும் வைத்து, சூட்டுக்குத் தகுந்தபடி கணக்கைத் திருத்தினார். சென்னை வெயிலில் ஒரு சங்கிலியின் நீளத்தைக்கூட நம்பிவிட முடியாது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. அந்த எச்சரிக்கையைத் தன்னைத்தானே அளக்கும்போதும் வைத்துக்கொள்வது நல்லது. உடம்பு சரியில்லாத மாதத்தின் சராசரியும் நன்றாக இருந்த மாதத்தின் சராசரியும் ஒரே சங்கிலியில் அளக்கத் தக்கவை இல்லை.

சுற்றளவைச் சொல்லியாயிற்று. இனி மொத்தத் தொலைவு. மீட்டரில் இரண்டு வகைத் தொலைவு உண்டு. இன்றைய பயணத்தை ஒரு பட்டனைச் சில நொடிகள் அழுத்தினால் சுழியாக்கலாம். தினமும் சுழியாக்க வேண்டியதுதான். நேற்றைய எதிர்க்காற்றை இன்று தூக்கிக்கொண்டு போக வேண்டியதில்லை. மொத்தத் தொலைவு அந்தப் பட்டனுக்கு அசையாது. எல்லாவற்றையும் அழிக்கும் ரீசெட்டில்தான், அல்லது செல் தீரும்போதுதான் அது போகும். அப்போது மறுபடி எழுதச் சொல்லும் மாடல்களில் பழைய எண்ணை எழுதுவதா, சுழியிலேயே விடுவதா?

சுழியில் விடுவதற்கு ஒரு கவர்ச்சி இருக்கிறது. புதிய தொடக்கம் என்று சொல்லிக்கொள்ளலாம். ஆனால் 12,000 கிலோமீட்டர் ஓட்டிய ஒருவர் அதைச் சுழியில் விட்டால் போவது எண் மட்டும் இல்லை. பங்க்சராகி நின்ற மத்தியானங்கள், மழையில் ஒதுங்கிய டீக்கடைகள், வேலை போன மாதத்தில் வெறுமனே மிதித்த சாயங்காலங்கள் எல்லாம் அந்த எண்ணுக்குள் சரிசமமாக இருக்கின்றன. நல்ல நாளை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதைக் கழிக்கும் வசதி அதில் கிடையாது. அந்த நேர்மைக்காகவே பழைய எண்ணைத் திரும்ப எழுதுவது சரி. சரியான எண் நினைவில் இல்லாவிட்டால், உறுதியாகத் தெரிந்த கடைசி எண்ணை எழுத வேண்டும். பத்தாயிரம் என்று முழு எண்ணாக ஏற்றி எழுதக் கூடாது.

எண் ஒன்றே சாட்சியாகாது என்பதையும் நீண்ட தூரம் ஓட்டியவர்கள் அறிவார்கள். இங்கிலாந்தின் டாமி காட்வின் 1939-ஆம் ஆண்டு முழுக்கச் சைக்கிள் ஓட்டி 75,065 மைல் கடந்தார். போகும் வழியில் பார்த்தவர்களிடம் அட்டைகளில் கையெழுத்து வாங்கிக்கொண்டே போனார். இன்று இந்தியாவில் நடக்கும் ப்ரெவே என்கிற நெடுந்தூரச் சைக்கிள் பயணங்களிலும் 200 கிலோமீட்டரை 13.5 மணி நேரத்துக்குள் முடிக்க வேண்டும். வழியில் உள்ள சோதனை இடங்களைத் தொட்டதற்கு ஆதாரம் வேண்டும். கிளம்பின இடத்தில் ஒன்றாக நின்ற பத்துப் பேரின் மீட்டர்கள், முடிக்கிற இடத்தில் பத்து எண் காட்டுவது சகஜம். யாரும் சண்டை போடுவதில்லை. வழியில் ஒருவரையொருவர் பார்த்திருக்கிறார்கள்.

பார்க்கவும் எண்ணவும் யாரும் இல்லாத தொலைவுகளும் உண்டு. 1990-களின் தொடக்கத்தில் புதுக்கோட்டை மாவட்டத்தில் அறிவொளி என்ற எழுத்தறிவு இயக்கத்தோடு சேர்ந்து ஆயிரக்கணக்கான கிராமத்துப் பெண்கள் சைக்கிள் கற்றார்கள். கல் குவாரியில் வேலை பார்த்த பெண்களும் அதில் இருந்தார்கள். தண்ணீர்க் குடத்தோடும் பிள்ளையோடும் அவர்கள் ஓட்டிய தூரம் எந்த மீட்டரிலும் ஏறவில்லை. 2001-02-இல் ஆதிதிராவிட, பழங்குடி மாணவிகளுக்கு என்று தமிழக அரசு தொடங்கிய விலையில்லாச் சைக்கிள் திட்டம் பிறகு அரசுப் பள்ளிகளின் பதினோராம் வகுப்பு மாணவர் எல்லோருக்கும் விரிந்தது. இண்டூர்ப் பக்கம் பள்ளிக்கூடம் விடும் நேரத்தில் வரும் சைக்கிள்கள் அந்த வகைதான். அக்காவுக்குக் கிடைத்ததைத் தம்பி ஓட்டுவான், பிறகு அப்பா பால் கேனைக் கட்டிக்கொண்டு போவார். அந்தச் சைக்கிளின் மொத்தத் தொலைவு யாருடையது? மூவருக்கும் சொந்தமான ஒரு எண் அது. எந்தத் திரையும் அதைக் காட்டப்போவதில்லை என்றாலும் அந்த வீட்டுக்கு அது கிடைத்திருக்கிறது: ஒரு பெண்ணின் பிளஸ் டூவாக, ஒரு நாளைக்கு இரண்டு வேளைப் பாலாக.

மீட்டர் வைத்திருப்பவர், ஒரே எண் பலருக்குச் சொந்தமாகலாம் என்பதையும் நினைவில் வைத்துக்கொண்டு மொத்தத்தை எழுதலாம். கருவியில் பதியும் மொத்தம் கருவியோடு போகிறது. சைக்கிளை விற்றாலோ கருவியை மாற்றினாலோ பிரிந்துவிடும். அதனால் சில பேர் ஒரு வேலை செய்கிறார்கள். சீட்டுக்கு அடியில் ஒரு ஸ்டிக்கர் ஒட்டி, செல் மாற்றிய தேதி, சுற்றளவு, அன்றைய மொத்தம் மூன்றையும் பேனாவால் எழுதிவைக்கிறார்கள். டயர் மாற்றினால் சுற்றளவை அடித்துப் புதியதை எழுதுகிறார்கள். சைக்கிளைத் தம்பிக்குக் கொடுக்கும்போது ஸ்டிக்கரைக் கிழிப்பதில்லை. தம்பி தன் முதல் தேதியை அதற்குக் கீழே எழுதிக்கொள்கிறான்.